கனவை ஆளும் கல் ஒன்றைக் கற்பனையில் படைப்பது எப்படி? கதை, நாடகம், குறும்படம் எழுதுவோருக்கு முழுமையான வழிகாட்டி

மந்திரக் கல் வரும் கதைகள் பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் சறுக்குகின்றன. கல் என்னவெல்லாம் செய்யும் என்று முதலில் எழுதிவிடுகிறார்கள். அது எப்படிப்பட்ட கல் என்பதை யோசிப்பதில்லை. மூன்றாம் அத்தியாயத்தில் கதாநாயகி அதைச் சங்கிலியில் கோத்துக்கொண்டு திரிவாள். ஏழாம் அத்தியாயத்தில் அதே கல்லைத் தூக்க இரண்டு கை வேண்டியிருக்கும். ஆபத்து வரும் நேரம் பார்த்துக் கல்லுக்குப் புதிதாக ஒரு சக்தி முளைக்கும். வாசகர் அந்த இடத்திலேயே புத்தகத்தை மூடிவிடுவார்.

இங்கே முறை தலைகீழ்: முதலில் கல், பிறகு கனவு. நிறை, கடினம், பிறந்த பாறை, தோண்டியவர் கை எல்லாவற்றையும் தீர்மானித்துவிட்டால், கல் என்ன செய்யும், என்ன செய்யாது என்பது தானாகவே தெளிவாகும். கொழும்பில் இருந்து எழுதுபவருக்கு இதில் பெரிய வசதி உண்டு. ஏறக்குறைய 100 கிலோமீற்றரில் மாணிக்கக் குழிகள் உள்ள இரத்தினபுரி, கடற்கரையோரமாகப் போனால் பேருவளைச் சீனன்கோட்டை மாணிக்கச் சந்தை, ஊருக்குள்ளேயே நகைக்கடைகள் நிறைந்த செட்டியார் தெரு. கேட்டுத் தெரிந்துகொள்ள ஆளுக்குப் பஞ்சமில்லை.

உதாரணத்துக்குச் ‘சாமக்கல்’ என்ற ஒரு கல்லை அடியிலிருந்து கட்டி முடிப்போம். சாமக்கல் முழுக்கக் கற்பனை. மற்றக் கற்களைப் பற்றியும் தூக்கத்தைப் பற்றியும் வெப்பத்தைப் பற்றியும் கீழே வருவது உண்மை. இரண்டையும் கலக்காமல் குறித்துக்கொள்ளுங்கள்.

கையில் வேண்டியவை: ஒரு சீ.ஆர். கொப்பி, 0.01 கிராம் வரை காட்டும் சிறிய டிஜிட்டல் தராசு, தண்ணீர்க் குவளை, தையல் நூல், பட்டை தீட்டாத சந்திரகாந்தக் கல் ஒன்று. சந்திரகாந்தம் கிடைக்காவிட்டால் வெள்ளைக் குவார்ட்ஸ் கூழாங்கல் போதும்.

படி 1: ஏன் இதுவரை ஒருவரும் காணவில்லை?

நூற்றாண்டுக் கணக்கில் மாணிக்கம் தோண்டும் நாட்டில் இப்படி ஒரு கல் எப்படி மறைந்திருந்தது? இந்தக் கேள்விக்கு விடை இல்லாமல் அடுத்த படிக்குப் போகக் கூடாது. ‘மர்மமான குகை’ என்பது விடை அல்ல. உண்மையில் நடந்தவற்றைப் பாருங்கள். அவை குகையைவிடச் சுவையானவை.

சிங்ஹலைட் என்ற கல் 1952 வரை பெரிடொட் என்ற வேறொரு கல்லின் பழுப்பு நிற வகை என்றே கைமாறிக்கொண்டிருந்தது. டாஃபைட்டின் கதை இன்னும் விசித்திரம். 1945இல் டப்ளின் நகரில் ரிச்சர்ட் டாஃப் என்பவர், பட்டை தீட்டிய பழைய கற்களைப் பார்த்துக்கொண்டிருந்தபோது, ஸ்பைனல் என்று நினைத்த ஒரு கல்லுக்குள் பின்பக்க விளிம்புகள் இரட்டையாகத் தெரிவதைக் கண்டார். ஸ்பைனலில் அப்படித் தெரிய வழியே இல்லை. புதிய கனியம் ஒன்று, யாரோ பட்டை தீட்டி விற்ற பிறகுதான் கண்டுபிடிக்கப்பட்டது. எக்கனைட் 1953இல் எஹலியகொடச் சரளையில் எஃப். எல். டி. ஏகநாயக்க கண்டெடுத்தது, பச்சை நிறம், உள்ளே தோரியம், அதனால் கதிரியக்கம். கெவுடாவோ கண்ணெதிரே கிடந்தது. பால் கலந்தாற்போன்ற மங்கல் கல் என்று மதிப்பில்லாமல் கிடந்ததை, 1970களில் தாய்லாந்து வியாபாரிகள் வாங்கிப்போய் உலையில் சூடேற்றி நீலக்கல் ஆக்கினார்கள்.

ஆக மூன்று வழி இருக்கிறது: வேறு கல்லென்று எண்ணி விற்றிருக்கலாம், பெறுமதி இல்லையென்று எறிந்திருக்கலாம், சூடு போன்ற ஒன்று படும் வரை அதன் குணம் தெரியாமல் இருந்திருக்கலாம். நான்காவது வழி கழுவும் இடத்தில் இருக்கிறது. இல்லம் எனப்படும் மணிச்சரளையைக் கூடையில் போட்டுத் தண்ணீரில் சுழற்றும்போது பாரமான கற்கள் அடியில் தங்கும், இலேசானவை மணலோடு போய்விடும். குவார்ட்ஸின் அடர்த்தி 2.65, அதாவது ஒரு கன சென்ரிமீற்றர் 2.65 கிராம்; நீலக்கல் 4.00. உங்கள் கல் 2.65க்குக் கீழே இருந்தால், கழுவுகிறவர் தன் கையாலேயே அதை ஆற்றில் விட்டுவிடுவார்.

சாமக்கல்லுக்கு 2.62 என்று வைப்போம். நூற்றில் தொண்ணூறு கழுவலில் போய்விடுகிறது. மிச்சம் பத்து? அதற்குப் படி 4இல் விடை வரும்.

படி 2: எந்தப் பாறையில், எதனால் ஆனது?

இதை நீட்ட வேண்டாம், ஆனால் தவிர்க்கவும் வேண்டாம். ஒரு கனியத்தில் நேர்மின்னும் எதிர்மின்னும் சமப்பட வேண்டும். சிங்ஹலைட்டில் மகனீசியத்தின் நேர்மின் 2, அலுமினியத்தினது 3, போரனது 3, கூட்டினால் 8. ஒட்சிசன் நான்கு, ஒவ்வொன்றின் எதிர்மின்னும் 2, அதுவும் 8. இதே கணக்கில் சாமக்கல்: லிதியம் ஒன்று, மகனீசியம் ஒன்று, அலுமினியம் ஒன்று, சிலிக்கன் இரண்டு, ஒட்சிசன் ஏழு. சிலிக்கன் ஒவ்வொன்றுக்கும் 4; ஆக 1, 2, 3, 8 கூட்டினால் 14. ஏழு ஒட்சிசனுக்கும் 14. இரசாயனம் படித்த வாசகர் ஒருவர் கூட்டிப் பார்த்தாலும் கணக்கு நிற்கும்.

அபூர்வம் எங்கிருந்து வருகிறது? லிதியம், பெரிலியம், போரன் போன்றவை மற்றக் கனியங்களுக்குள் இலேசில் இடம் பிடிக்காதவை. பாறைக்குழம்பு இறுகும்போது கடைசியில் மிஞ்சும் திரவத்தில் சேர்ந்து, பெக்மடைட் என்ற பரும்படிகப் பாறையாகின்றன. அந்தத் திரவத்தில் மகனீசியம் மிகக் குறைவு. இரண்டும் ஒரே இடத்தில் சந்திப்பது அரிது. மரகதம் அரிதாக இருப்பதும் இதே மாதிரிக் காரணத்தால்தான். பெக்மடைட்டின் பெரிலியமும் வேறொரு பாறையின் குரோமியமும் அங்கே சந்திக்க வேண்டும். இலங்கையின் மத்திய உயர்நிலப் பாறைத்தொகுதியில் மகனீசியம் நிறைந்த டொலமைட் சலவைக்கல் பட்டைகள் உண்டு. அப்படி ஒரு பட்டையைப் பெக்மடைட் குறுக்கே வெட்டிப்போகும் இடத்தில், சில சென்ரிமீற்றர் அகலத்துக்கு மட்டும் சாமக்கல் பிறக்கிறது என்று எழுதுங்கள். புவிச்சரிதவியல் வரைபடம் வேண்டுமானால் பிட்டகோட்டேயில் உள்ள புவிச்சரிதவியல் அளவை மற்றும் சுரங்கங்கள் பணியகத்தில் கேட்டுப் பார்க்கலாம்.

பெயர் மூன்று வேண்டும்: குழியில் சொல்வது, கடையில் சொல்வது, ஆய்வுகூடம் சொல்வது. ஆய்வுகூடப் பெயர் பெரும்பாலும் ‘ஐட்’ என்று முடியும். இடத்தின் பெயரையோ வேறொருவரின் பெயரையோ வைப்பார்கள். கண்டுபிடித்தவர் தன் பெயரைத் தானே வைத்துக்கொள்வது மரபில்லை. வில்லன் ஆள் அதைச் செய்தால் அங்கேயே அவன் குணம் தெரிந்துவிடும்.

படி 3: எண்களை எழுதி ஒட்டுங்கள்

கொப்பியின் முதல் பக்கத்தில் இவை இருக்கட்டும். அடர்த்தி 2.62. கடினம், அதாவது கீறலைத் தாங்கும் தன்மை, மோஸ் அளவுகோலில் 6. ஒரு திசையில் சீராகப் பிளக்கும். நிறம் சாம்பல் கலந்த நீலம், உள்ளே நகரும் வெளிர் ஒளி.

கடினம் 6 என்பதை ஏன் அழுத்திச் சொல்ல வேண்டும்? வீட்டுத் தூசியில் குவார்ட்ஸ் துகள் இருக்கும், அதன் கடினம் 7. கடினம் அதைவிடக் குறைந்த எந்தக் கல்லையும் தினம் விரலில் போட்டால், காலப்போக்கில் மேற்பரப்பு கீறிப் பொலிவிழக்கும். ‘பாட்டி காலத்து மோதிரம், இன்னும் கண்ணாடி போல் மின்னுகிறது’ என்று எழுதியிருந்தால் அடித்துவிடுங்கள். அல்லது பாட்டி அதை அலுமாரியை விட்டு எடுக்கவில்லை என்று எழுதுங்கள். பிளவுத் திசை இருப்பதால், ஓட்டுத் தரையில் விழுந்தால் கல் இரண்டாகலாம். அப்போது கனவும் பாதி பாதியாகுமா, ஒரு துண்டிலேயே தங்குமா என்பதை இப்போதே எழுதிவையுங்கள். சாமக்கல்லில் நிறைக்கேற்பப் பிரியும்.

அடுத்தது அளவு. எழுத்தாளர்கள் அதிகம் தவறுவது இங்கேதான். ஒரு கரட் என்பது 0.2 கிராம். 5 கரட் சாமக்கல் 1 கிராம்; கனஅளவு 0.38 கன சென்ரிமீற்றர். குமிழ் வடிவில் தீட்டினால் 12 மில்லிமீற்றர் நீளம், 10 அகலம், 6 உயரம். மோதிரத்துக்கு அளவான கல். கோழிமுட்டை அளவு என்று எழுதினால் அது ஏறக்குறைய 55 கன சென்ரிமீற்றர், 144 கிராம், 720 கரட். ‘முட்டை அளவில் 10 கரட் கல்’ என்ற வரியைப் படித்தால் செட்டியார் தெருவில் சிரிப்பார்கள்.

கையில் உள்ள உண்மைக் கல்லை ஒருமுறை நிறுத்துப் பாருங்கள். கல்லைத் தராசில் வைத்து நிறையைக் குறியுங்கள். பிறகு பாதி தண்ணீர் உள்ள குவளையைத் தராசில் வைத்துப் பூச்சியமாக்குங்கள். கல்லை நூலில் கட்டி, தண்ணீருக்குள் முழுதாக மூழ்கும்படி தொங்கவிடுங்கள். தராசு காட்டுவது கல்லின் கனஅளவு. 5.14 கிராம் கல் 2.00 காட்டினால் அடர்த்தி 2.57, அதாவது சந்திரகாந்தம். கல் அடியைத் தொட்டால் எண் கூடிவிடும். கல்லில் காற்றுக் குமிழி ஒட்டினாலும் அப்படித்தான். பாத்திரம் கழுவும் திரவம் ஒரு துளி விட்டால் குமிழி விலகும். கல் 1 கிராம்தான் என்றால் இந்தத் தராசை நம்பாதீர்கள். 0.38க்குப் பதில் 0.39 காட்டினாலே விடை 2.63இலிருந்து 2.56க்கு இறங்கிவிடும், குவார்ட்ஸையும் சந்திரகாந்தத்தையும் பிரித்தறிய முடியாது. இந்தப் பிழையே கதைக்கு உதவும். அவசரத்தில் சின்னக் கல்லைச் சின்னத் தராசில் நிறுத்து ஏமாறுகிற தரகர் நம்பக்கூடிய பாத்திரம்.

படி 4: கனவு கல்லுக்குள் எப்படித் தங்குகிறது?

இங்கேதான் அதிக நேரம் செலவழிக்க வேண்டும். ‘கல்லுக்கு அந்தச் சக்தி இருந்தது’ என்று விடாமல், இயற்கையில் உள்ள ஒரு குணத்தை எடுத்து ஒரே ஓர் அடி மட்டும் அப்பால் தள்ளுங்கள்.

பொருத்தமான குணம் வெப்ப ஒளிர்வு. சில படிகங்களின் கட்டமைப்பில் குறைபாடுகள் உண்டு. சுற்றியுள்ள கதிர்வீச்சால் இடம்பெயரும் இலத்திரன்கள் அந்தக் குறைபாடுகளில் சிக்கி, ஆண்டுக் கணக்கில் அங்கேயே கிடக்கும். படிகத்தைச் சூடாக்கினால் அவை விடுபட்டு, அந்தச் சக்தி ஒளியாக வெளிவரும். ஒருமுறை வந்துவிட்டால் முடிந்தது. மறுபடி சூடாக்கினால் ஒன்றும் வராது, திரும்ப நிரம்பும் வரை காத்திருக்க வேண்டும். பழைய மட்பாண்டங்களின் வயதை இப்படித்தான் கணிக்கிறார்கள். ஆஸ்பத்திரிகளின் எக்ஸ்ரே பிரிவில் வேலை செய்வோர் சட்டையில் குத்தும் கதிர்வீச்சு அளவி வில்லைகள் சிலவற்றில் லிதியம் புளோரைட் இருக்கும், அதே தத்துவம்தான். சாமக்கல்லில் லிதியம் சேர்த்தது சும்மா அல்ல.

இனி அந்த ஓர் அடி: சாமக்கல்லில் சிக்குவது கதிர்வீச்சின் தடம் அல்ல, அருகில் தூங்குபவரின் கனவு. சூடுபட்டால் அது வெளிவந்து, அப்போது அருகில் தூங்குபவருக்குள் போகும். வேறு எந்தச் சக்தியும் கிடையாது. எதிர்காலம் காட்டாது, நோய் தீர்க்காது. இத்தோடு நிறுத்தத் துணிவு வேண்டும்.

ஒரு குணத்தை எடுத்தால் அதன் மற்ற விளைவுகளையும் ஏற்றாக வேண்டும், அவைதான் கதைக்குச் சம்பத்து. இலத்திரன் பொறிகள் எல்லாம் ஒரே ஆழம் அல்ல. ஆழம் குறைந்தவை சிறு சூட்டில் காலியாகும், ஆழமானவைக்கு அதிகச் சூடு வேண்டும். ஆகவே சாமக்கல்லில் கனவு அடுக்கடுக்காக இருக்கும். 34 பாகை செல்சியஸில் வருவது அண்மைய இரவுகள். 39, 40இல் அதற்கு முந்தியவை. கொதிநீரின் 100இல் மிகப் பழையவை. ஆனால் அந்தச் சூட்டில் கல்லைக் கையில் பிடித்துக்கொண்டு யாரும் தூங்க முடியாது. ஆழமான அடுக்கு இருக்கிறது என்று தெரியும், எட்டாது. காய்ச்சலில் கிடப்பவரின் உள்ளங்கைதான் ஒரே குறுக்கு வழி. டெங்கு ஓயாத கொழும்பில் இதை எப்படிப் பயன்படுத்துவது என்று சொல்லித்தர வேண்டியதில்லை, ஆனால் மலிவாக்காதீர்கள்.

நகை வேலையில் பொடி வைத்து ஊதும்போது உலோகம் பல நூறு பாகைச் சூட்டைத் தொடும். கல்லோடு சேர்த்து ஊதினால் அத்தனை அடுக்கும் ஒரே நொடியில் போய்விடும். தேர்ந்த பத்தர் ஊதும் வேலையை முடித்த பிறகுதான் கல் பதிப்பார். பழைய மோதிரத்தின் உடைந்த வளையத்தை ஒட்டக் கொடுக்கும்போதுதான் ஆபத்து. கல்லைக் கழற்றச் சொல்ல மறந்தால் தீர்ந்தது.

இன்னொரு விளைவு படி 1இல் விட்ட இடத்தை நிரப்புகிறது. சூரிய ஒளியும் பொறிகளைக் காலி செய்யும். மணல் கடைசியாக வெயில் கண்டது எப்போது என்று கணிப்பவர்கள், மாதிரிகளை இருட்டில் எடுத்து மங்கிய சிவப்பு விளக்கில் வேலை செய்வது அதனால்தான். மாணிக்கக் குழியில் ஒரு கல் கிடைத்தால் முதல் வேலை என்ன? சேறு கழுவி, இரண்டு விரலால் பிடித்து, வெயிலுக்கு நேரே தூக்கிப் பார்ப்பது. மண்ணுக்குள் காலங்காலமாகச் சேர்ந்ததெல்லாம் அந்தப் பார்வையிலேயே அழிந்துவிடுகிறது. கழுவலில் தப்பிய பத்துக் கல்லும் கைக்கு வரும்போது வெறுங்கல். இதுவரை ஒருவரும் கண்டுபிடிக்காததற்குக் காரணம் கிடைத்துவிட்டது.

முதன்முதலில் இரவில் எடுத்து, வெயில் காட்டாமல் மடித்து வைத்த கல்லில் யாருடைய கனவு இருக்கும்? இரத்தினபுரிச் சரளைகளில் நீர்யானை, காண்டாமிருகம், சிங்கம் ஆகியவற்றின் எலும்பு எச்சங்கள் கிடைத்திருக்கின்றன, விலங்கியலாளர் பி. ஈ. பி. தெரணியகல விவரித்தவை. மற்றப் பாலூட்டிகள் பெரும்பாலானவற்றுக்கும் கனவுக்குரிய உறக்க நிலை உண்டு, படி 5இல் வருவது. இந்தத் தீவில் இன்று இல்லாத ஒரு நீர்யானையின் கனவு ஒருவருக்கு வருவது, பேய்க் கனவைவிடப் புதிது.

படி 5: தூக்கத்தின் கணக்கு

கண்கள் வேகமாக அசையும் உறக்க நிலையைப் பற்றி அஸெரின்ஸ்கி, கிளெயிற்மன் என்ற ஆய்வாளர்கள் வெளியிட்டது 1953இல். எக்கனைட் கிடைத்த அதே வருடம். இந்தப் பொருத்தத்தைக் கதையில் வைத்தால் குற்றமில்லை. தெளிவான கனவுகள் பெரும்பாலும் அந்த நிலையில் வருகின்றன. ஒரு சுற்று ஏறக்குறைய 90 நிமிடம். ஏழரை மணி நேரத்தில் ஐந்து சுற்று. கனவு நிலை முழுத் தூக்கத்தில் ஐந்தில் ஒன்று முதல் நான்கில் ஒன்று வரை. ஓர் இரவுக்கு 100 நிமிடம் என்று வைக்கலாம். அதில் பெரும்பகுதி இரவின் பின்பாதியில் வரும். விடியற்காலைக் கனவு பலிக்கும் என்று வீட்டில் சொல்வார்கள். பலிக்கிறதோ இல்லையோ, நினைவில் நிற்பது அதுதான். எனவே 11 மணிக்குப் படுத்த பாத்திரத்துக்கு 11.20க்கு நீண்ட கனவு வர வைக்காதீர்கள்.

இப்போது கல்லின் கொள்ளளவு. 1 கரட்டுக்கு 20 நிமிடம். 5 கரட் கல் ஓர் இரவுக்குச் சரி. முட்டை அளவுக் கல்லில் 144 இரவுகள். நிரம்புவது மெதுவாக: தலைமாட்டில் 10 சென்ரிமீற்றர் தூரத்தில் கல் இருந்தால், ஓர் இரவுக்கு 1 கரட் நிரம்பும். பட்டை தீட்டும்போது பச்சைக் கல்லின் எடையில் பாதிக்கு மேல் தூளாகப் போவது சாதாரணம். கனவும் அதோடு போகும்.

34 பாகை என்ற எல்லையைக் கண்ணை மூடிக்கொண்டு எடுக்கவில்லை. 28 என்று வைத்தால் கொழும்பில் கல் பகலெல்லாம் தானாகக் கசிந்துகொண்டே இருக்கும். 34 என்றால் இரவில் தலைமாட்டில் கிடக்கும்போது நிரம்பும், மூடிய உள்ளங்கையில் வெளிவரும். ஒரே கட்டில், ஒரே கல், இருக்கும் இடத்தைப் பொறுத்து வேலை மாறும். ஆனால் வெயிலில் நிறுத்திய வாகனத்துக்குள் வெப்பம் 50ஐத் தாண்டலாம். ஆட்டோவின் முன்தட்டில் மறந்து வைத்த கல், சூட்டோடு வெயிலும் பட்டு, அரை மணியில் வெறுமை. தகரக் கூரைக்குக் கீழே சித்திரை மத்தியானத்தில் 34ஐத் தாண்டுவதும் புதினமில்லை. அப்படியானால் கனவைச் சேமிக்கக் கூடியவர் குளிரூட்டி உள்ளவர், இல்லாவிட்டால் நுவரெலியாவில் வீடு உள்ளவர். பணக்காரருக்கும் ஏழைக்கும் இடையே கல் தானாகவே ஒரு கோடு போடுகிறது; இதை வசனத்தில் விளக்க வேண்டாம், வெப்பமானியைக் காட்டினால் போதும்.

தூரத்துக்கு எளிய விதி: இரட்டித்தால் நான்கில் ஒன்று. 10 சென்ரிமீற்றரில் முழுமை, 20இல் கால், 40இல் பதினாறில் ஒன்று, 60இல் முப்பத்தாறில் ஒன்று. தோட்டத்து வீடுகளில் பலகைச் சுவருக்கு அந்தப் பக்கம் 60 சென்ரிமீற்றரில் தலை வைத்துத் தூங்குபவருக்கு, 100 நிமிடக் கனவில் 3 நிமிடத்துக்கும் குறைவான துணுக்கு கிடைக்கும். யாரோ ஒருவரின் சமையலறை, ஒரு கதவு, அவ்வளவுதான். தொடர்மாடியில் தடித்த சுவர் இருந்தால் அதுவும் வராது.

படி 6: என்ன விலை கொடுக்க வேண்டும்?

‘ஆன்மாவில் ஒரு பகுதி போகும்’ என்ற மாதிரி விலை வேண்டாம்; அதை அளக்க முடியாது. தூக்கத்திலேயே விலை இருக்கிறது. கனவு நிலை தொடர்ந்து தடைப்பட்டால், பிறகு கிடைக்கும் தூக்கத்தில் அது அளவுக்கு மீறிப் பெருகும், இது உண்மை. சாமக்கல் ஒருவரின் கனவு நேரத்தை மற்றவரின் கனவால் நிரப்புகிறது. சொந்தக் கனவு பாக்கி நிற்கும். ஐந்து இரவு பயன்படுத்தினால், நிறுத்தியதும் அந்தப் பாக்கி முழுதும் ஓரிரு இரவில் திரண்டு வரும்.

கனவு நிலையில் உடல் தசைகள் தளர்ந்து செயலற்றிருக்கும். அந்தத் தளர்ச்சி விழிப்புக்குள் நீண்டால் கண் திறந்திருக்கும், கை அசையாது, நெஞ்சில் யாரோ ஏறி உட்கார்ந்தாற்போல் இருக்கும். அமுக்குவான் பேய் என்று ஊரில் சொல்வது இதைத்தான். பாக்கி திரும்பும் இரவுகளில் இதை வைக்கலாம். ஒரு கதையில் ஒரு தரம் போதும். மதுவும் இரவின் முதற்பாதியில் கனவு நிலையை அமுக்கும். குடித்துவிட்டுக் கல்லைப் பிடிப்பவருக்குப் பாதிக் கனவு வீணாகும்.

படி 7: யார் கையிலிருந்து யார் கைக்கு?

குழியில் கூலி முறை பரவலாக இல்லை. நிலத்துக்காரர், அனுமதிப்பத்திரம் வைத்திருப்பவர், தண்ணீர்ப் பம்பி கொடுத்தவர், இறங்கி வேலை செய்பவர்கள் என்று பங்கு பிரிப்பதே வழக்கம். ஒருவர் கல்லை மறைத்தால் அத்தனை பேரையும் ஏமாற்றுகிறார். பிறகு தரகர், சீனன்கோட்டை, கொழும்பு. கல் பயணம் செய்வது மடித்த வெள்ளைக் கடதாசிப் பொட்டலத்தில், மேலே பேனாவால் நிறை எழுதியிருக்கும். சாமக்கல்லுக்கு அந்தக் கடதாசி போதாது, ஒளி ஊடுருவும். உள்ளே கறுப்புக் கடதாசி வைக்கிற முதல் வியாபாரிக்கு விஷயம் தெரிந்திருக்கிறது என்று அர்த்தம்.

தோண்டவும் விற்கவும் ஏற்றுமதி செய்யவும் தேசிய இரத்தினக்கல் மற்றும் ஆபரண அதிகாரசபையின் அனுமதி வேண்டும். 1993ஆம் ஆண்டின் 50ஆம் இலக்கச் சட்டம் அந்தச் சபையை அமைத்தது. இரவில் தோண்டும் காட்சி எழுதினால், பொலிஸ் ஏன் வரவில்லை என்பதற்கும் ஒரு வரி எழுதுங்கள்.

படி 8: போலி

மதிப்புள்ள கல்லுக்குப் போலி வராமல் இராது. சந்திரகாந்தம் என்று பால் நிறக் கண்ணாடியை விற்கிறார்கள். பூதக்கண்ணாடியில் உருண்டைக் குமிழி தெரிந்தால் கண்ணாடிதான். உண்மையான சந்திரகாந்தத்துக்குள் பூரான் போன்ற நுண்ணிய வெடிப்புக் கோடுகள் இருப்பதுண்டு. உங்கள் கல்லுக்கும் அப்படி ஓர் உள் அடையாளம் கொடுங்கள்.

கனவுக் கல்லில் போலிச் சிக்கல் மிக ஆழம். கனவு எளிதில் வசப்படும் விஷயம். ‘இது கனவுக் கல்’ என்று சொல்லிக் கொடுத்தால், கண்ணாடித் துண்டைப் பிடித்துத் தூங்கியவரும் காலையில் ஏதோ கண்டதாகச் சொல்வார், பொய்யில்லாமலே. ஆகவே பாத்திரங்கள் சோதிக்க ஒரு முறை வேண்டும். ஒரே நிறையில் கல் ஒன்று, கண்ணாடி ஒன்று, இரண்டும் ஒரே துணியில் சுற்றியவை. மூன்றாம் ஆள் ஒவ்வொரு மாலையும் நாணயம் சுண்டி, எதைக் கொடுப்பது என்று தீர்மானித்துத் தன் கொப்பியில் எழுதுவார். தூங்குபவரோடு அதைப் பற்றிப் பேசக் கூடாது. காலையில் எழுந்தவுடன், பல் துலக்குவதற்கு முன்பே, தூங்கியவர் ‘கல்’ அல்லது ‘கண்ணாடி’ என்று எழுத வேண்டும். 10 இரவு. குருட்டாம்போக்கில் 9 அல்லது 10 சரியாக வர 1024இல் 11 வாய்ப்புத்தான், நூற்றுக்கு ஒன்று. சோதனைக்கு 50 கரட் நிரம்பிய கல் தயாராக வேண்டும், ஏனென்றால் நாணயம் பத்து இரவும் கல்லையே கேட்கலாம். சோதித்து முடிக்கும்போது விற்பதற்கு ஒன்றும் மிஞ்சாது. வாங்குபவர்கள் ஏன் சோதிக்காமல் நம்புகிறார்கள் என்பதற்கு இதைவிட நல்ல காரணம் தேவையில்லை.

படி 9: கையில் பிடிக்க ஒரு மாதிரி

மேடைக்கோ கமராவுக்கோ கல் வேண்டும் என்றால் பலர் பிசின் வார்க்கிறார்கள். பிசினின் அடர்த்தி 1.1, 1.2 அளவு, நடிகர் கையில் பிளாஸ்ரிக் போலவே ஆடும். கொழும்பின் ஈரப்பதத்தில் மேலே மங்கல் படலமும் படியலாம். சாதாரணக் கண்ணாடியின் அடர்த்தி 2.5, சாமக்கல்லுக்கு மிக அருகில். தடித்த கண்ணாடிக் கட்டி ஒன்றை எடுங்கள். புறக்கோட்டை ஹார்ட்வெயார் கடைகளில் தண்ணீர் விட்டுத் தேய்க்கும் உப்புத்தாள் 220, 400, 800, 1200 என்ற இலக்கங்களில் வாங்குங்கள். அடிப்பக்கம் தட்டை, மேற்பக்கம் குமிழ். எப்போதும் ஈரமாகவே தேய்க்க வேண்டும், கண்ணாடித் தூள் நுரையீரலுக்கு ஆகாது; முகக்கவசம், கண் கவசம் கட்டாயம். ஓர் இலக்கத்தின் கீறல் முழுதும் மறையாமல் அடுத்ததற்குத் தாவினால், கடைசியில் அந்தக் கீறல்தான் கமராவில் தெரியும். 1200 முடிந்தபின் மேற்பக்கத்தைப் பொலிஷ் செய்யலாம். மங்கலாகவே விட்டாலும் பழங்கல்லுக்கு அழகு.

தட்டையான அடியில் முத்து நீலம் மின்னும் நகப்பூச்சு இரண்டு பூச்சு, ஒவ்வொன்றும் முழுதாகக் காய்ந்த பிறகு. அதற்கு மேல் கறுப்பு. கறுப்பு இல்லாவிட்டால் நீல மினுக்கம் தெரியாது, வெறும் வெள்ளையாக நிற்கும். வரிசையை மாற்றிக் கறுப்பை முதலில் பூசினால் கல் முழுதும் இருண்டுவிடும். படப்பிடிப்பு விளக்குச் சூட்டில் பூச்சு உரியக் கூடும். ஒரே அளவில் மூன்று செய்து வையுங்கள்: ஒன்று கிட்டக் காட்சிக்கு, ஒன்று ஓட்டக் காட்சிக்கு, ஒன்று தரையில் போட்டு உடைக்க.